கஃபீன், தெயின், 1,3,7-டிரைமெத்தில்ஸாந்தின்... எல்லாம் ஒன்றா? பெயர்களுக்குப் பின்னால் ஒரு விஞ்ஞானியின் வாழ்க்கை

காலையில் ஒரு கோப்பி-ஓ. மதியம் தே தாரேக். மாலையில் நண்பர்களோடு பபிள் டீ. ராத்திரி தேர்வுக்குப் படிக்கும்போது ஒரு டின் எனர்ஜி டிரிங்க்.

நாலும் வேற வேற பானம். ஆனால் நாலுக்குள்ளும் இருந்துகொண்டு உங்களைத் தூங்கவிடாமல் வேலை பார்ப்பது ஒரே பொருள்தான். அதுதான் கஃபீன்.

சிக்கல் என்னவென்றால், பொட்டலத்தின் மேல் எப்போதும் அந்தப் பெயரே இருக்கும் என்று சொல்ல முடியாது. சிலவற்றில் குவாரானா சாறு என்று போட்டிருக்கும். உடற்பயிற்சிக்கு முன் கலக்கிக் குடிக்கும் பொடிகளில் 1,3,7-டிரைமெத்தில்ஸாந்தின் என்று இருக்கலாம். தேநீரைப் பற்றிய பேச்சில் தெயின் என்று ஒரு சொல் வரும்.

ஒரே பொருளுக்கு ஏன் இத்தனை பெயர்? எந்தப் பெயர் எதைச் சொல்கிறது? இதைப் புரிந்துகொள்ள ஒரு மனிதரின் வாழ்க்கையைப் பார்த்தால் போதும். அவர்தான் காப்பிக்கொட்டையிலிருந்து கஃபீனை முதன்முதலில் பிரித்தெடுத்தவர். ஆனால் கஃபீன் என்ற பெயர் அவர் வைத்ததல்ல.

யார் இந்த ரூங்கே?

ஃபிரீட்லீப் ஃபெர்டினாண்ட் ரூங்கே. 1794 பிப்ரவரி 8 அன்று ஜெர்மனியின் ஹாம்பர்க் நகருக்கு அருகில் பிறந்தார். அப்பா தேவாலயப் போதகர். பிள்ளைகள் நிறைய, வருமானம் குறைவு.

வசதியான வீட்டுப் பிள்ளைகளைப்போல் நேராகப் பல்கலைக்கழகம் போக அவருக்கு வாய்ப்பில்லை. லூபெக் நகரில் ஒரு மருந்துக்கடையில் தொழில் கற்கச் சேர்ந்தார். அந்தக் காலத்து மருந்துக்கடை என்றால் அட்டைப்பெட்டியில் மாத்திரை வாங்கும் இடம் அல்ல. வேரை இடிக்க வேண்டும், இலையைக் கொதிக்கவைக்க வேண்டும், சாற்றை வடிகட்ட வேண்டும். சுருக்கமாகச் சொன்னால் அது ஒரு சின்ன ஆய்வுக்கூடம்.

அங்கேதான் அவர் ஒரு விஷயத்தைத் தற்செயலாகக் கவனித்தார். சில நச்சுச் செடிகளின் சாறு கண்ணில் பட்டால், கண்ணின் கருமணி அகலமாக விரிந்துவிடுகிறது. வேறு யாராவது என்றால் கண்ணைக் கழுவிவிட்டு மறந்திருப்பார். ரூங்கே மறக்கவில்லை. பெர்லின், கோட்டிங்கன், யேனா என்று பின்னர் அவர் படிக்கப்போன இடங்களுக்கெல்லாம் அந்தக் கேள்வியையும் கூடவே கொண்டுபோனார்.

1819-ல் யேனா பல்கலைக்கழகத்தில் மருத்துவத்தில் முனைவர் பட்டம் பெற்றார். ஆய்வுத் தலைப்பே அந்தக் கண் விஷயம்தான். பெல்லடோனா, நம்ம ஊமத்தை, ஹென்பேன் ஆகிய செடிகளால் ஒருவருக்கு நஞ்சேறியிருக்கிறதா என்று கண்டுபிடிக்க ஒரு புதிய வழி. உடலில் உள்ள திரவத்தை எடுத்து ஒரு பூனையின் கண்ணில் விட்டுப் பார்க்கலாம். கருமணி விரிந்தால் நஞ்சு இருக்கிறது என்று பொருள்.

கவிஞரும் பூனையும் ஒரு கை காப்பிக்கொட்டையும்

யேனாவில் ரூங்கேயின் பேராசிரியர் டோபரைனர். அவருடைய நண்பர் யார் தெரியுமா? ஜெர்மன் இலக்கியத்தின் மிகப் பெரிய பெயரான கதே. கவிஞர்தான் என்றாலும் செடிகள், நிறங்கள், கற்கள் என்று எதையும் விட்டுவைக்காமல் ஆராய்ந்தவர். மாணவர் ஒருவர் பூனைக் கண்ணை வைத்து ஏதோ செய்கிறார் என்று கேள்விப்பட்டதும், அதைத் தானும் பார்க்க விரும்பினார்.

1819-ல் ஒரு நாள், 25 வயது ரூங்கே ஒரு பூனையோடு கதேயைச் சந்திக்கப் போனார். போட்டுக்கொள்ள நல்ல கோட்டு இல்லாமல் கடன் வாங்கிப் போட்டுக்கொண்டு, பூனையைக் கையில் தூக்கியபடி தெருவில் நடந்தார் என்று அந்தக் கதையைச் சொல்வார்கள்.

பூனையின் ஒரு கண் சாதாரணமாக, மெல்லிய கோடுபோல் இருந்தது. சாறு விட்ட மற்றொரு கண்ணில் கருமணி முழு வட்டமாக விரிந்திருந்தது. கதேக்கு ஒரே வியப்பு. கிளம்பும் நேரத்தில் ரூங்கேயின் கையில் ஒரு பரிசு கொடுத்தார். அப்போது எளிதில் கிடைக்காத காப்பிக்கொட்டைகள். இதற்குள் என்ன இருக்கிறது என்று ஆராய்ந்து பார்க்கும்படி கேட்டுக்கொண்டார்.

ஏன் காப்பி? ஒரு செடி கண்ணை விரிக்கிறது, இன்னொரு செடி தூக்கத்தை விரட்டுகிறது. இரண்டிலும் ஏதோ ஒரு குறிப்பிட்ட பொருள் அந்த வேலையைச் செய்ய வேண்டும். அதைத் தனியாகப் பிரிக்க முடியுமா என்பதுதான் அன்றைய விஞ்ஞானிகளின் பெரிய கேள்வி. சில ஆண்டுகளுக்கு முன்புதான் ஜெர்மனியைச் சேர்ந்த ஸெர்டூர்னர் என்ற மருந்தாளர் அபினிலிருந்து மார்ஃபினைப் பிரித்திருந்தார். அதே வழியில் பல பேர் பல செடிகளை அலசிக்கொண்டிருந்தார்கள்.

சில மாதங்களில் ரூங்கேக்கு விடை கிடைத்துவிட்டது. வெள்ளை நிறத்தில் ஊசி ஊசியாகப் படிகங்கள். மணம் இல்லை. நாக்கில் வைத்தால் கசப்பு.

முதல் பெயர்: காப்பி பேஸ்

1820-ல் வெளியிட்ட நூலில் ரூங்கே அந்தப் பொருளைக் காப்பி பேஸ் என்ற பொருளில் ஜெர்மன் மொழியில் குறிப்பிட்டார். பேஸ் என்றால் இங்கே காரம். பள்ளியில் அமிலம், காரம் என்று படித்தோமே, அதேதான். அந்தப் பெயர் இரண்டு செய்தியைச் சொன்னது. எங்கிருந்து கிடைத்தது? காப்பியிலிருந்து. என்ன வகை? காரம். அவ்வளவுதான். அன்றைக்கு அவருக்குத் தெரிந்ததும் அவ்வளவுதான்.

1821-ல் பிரான்ஸில் ரொபிகே என்பவரும், பெல்லெத்தியே-கவாந்து என்ற இரட்டையரும் அதே பொருளைப் பிரித்தெடுத்தார்கள். ரூங்கேயின் வேலை அவர்களுக்குத் தெரியாது. பிரெஞ்சு மொழியில் காப்பிக்குக் கஃபே. அதோடு ஒரு வாலைச் சேர்த்து, பெல்லெத்தியேயின் கட்டுரையில் கஃபீன் என்ற பெயர் அச்சில் வந்தது. அதுதான் உலகம் முழுக்க ஒட்டிக்கொண்டது. பிரித்தெடுத்ததில் ரூங்கேதான் முதல் ஆள் என்று ஸ்வீடன் வேதியியலாளர் பெர்ஸீலியஸ் பிற்பாடு ஏற்றுக்கொண்டார். ஆனால் பெயர் மாறவில்லை.

அந்த வாலைக் கொஞ்சம் கவனியுங்கள். மார்ஃபின், குவினைன், நிக்கோட்டின், கஃபீன் எல்லாவற்றின் கடைசியிலும் கிட்டத்தட்ட ஒரே ஒலி வருகிறது அல்லவா? ஆங்கிலத்தில் இவை எல்லாம் ஒரே மூன்று எழுத்தில் முடியும். செடியிலிருந்து கிடைத்த, நைட்ரஜன் உள்ள, காரத்தன்மை கொண்ட பொருள் என்பதற்கு அது ஓர் அடையாளம். இந்தக் குடும்பத்துக்கு ஆல்கலாய்டு என்று பெயர். அந்தப் பெயரும் 1819-ல்தான் வந்தது.

ஆக, கஃபீன் என்ற சொல்லை உடைத்தால், காப்பியில் கிடைத்த ஆல்கலாய்டு என்று வரும். முன்பாதி அரபு மொழியின் கஹ்வாவிலிருந்து துருக்கி வழியாக ஐரோப்பாவுக்குப் போன சொல். அதே சொல்தான் டச்சுக்காரர்கள் வழியாக மலாய்க்கு வந்து, நம்ம காப்பிக்கடையில் கோப்பி ஆனது. அதாவது கோப்பியும் கஃபீனும் ஒரே வேரில் முளைத்தவை.

தெயின், குவாரானின்: ஆள் ஒருவர், பெயர் மூன்று

பொருள் எங்கே கிடைத்ததோ அதன் பெயரையே வைத்தால் ஒரு சிக்கல் வரும். அதே பொருள் இன்னோர் இடத்திலும் கிடைத்தால் என்ன செய்வது?

அப்படித்தான் ஆனது. 1826-ல் மார்ட்டியஸ் என்பவர் தென்னமெரிக்காவின் குவாரானாவிலிருந்து ஒரு பொருளைப் பிரித்து, குவாரானின் என்றார். 1827-ல் ஊத்ரி என்பவர் தேயிலையிலிருந்து ஒரு பொருளைப் பிரித்து, தெயின் என்றார். இந்தத் தே எங்கிருந்து வந்தது? ஹொக்கியன் மொழியின் தே. மலாயின் தே-யும் அதுதான், தேயிலை என்னும் தமிழ்ச் சொல்லின் தலையிலும் அதுதான்.

கொஞ்ச காலம் தெயின் வேறு, கஃபீன் வேறு என்றே எல்லாரும் நினைத்தார்கள். காப்பி குடித்தால் ஒரு மாதிரி, தேநீர் குடித்தால் வேற மாதிரி இருக்கிறதே, பொருளும் வேறாகத்தானே இருக்கும்? 1838-ல் முல்டர், யோப்ஸ்ட் என்ற இருவர் தனித்தனியாகச் சோதித்து, இரண்டும் ஒன்றே என்று காட்டினார்கள். குவாரானினும் பிறகு அதே கதைதான்.

இன்றைக்கும் தேநீரில் இருப்பது தெயின், அது கஃபீனைவிட மென்மையானது என்று சொல்பவர்கள் இருக்கிறார்கள். அது சரியல்ல. தேநீர் வேறு விதமாக உணரப்படலாம், அதில் இருக்கும் மற்றப் பொருள்களும் அளவும் அதற்குக் காரணமாகலாம். ஆனால் அதிலுள்ள கஃபீன் அணுவுக்கு அணு அதே கஃபீன்தான்.

நிறங்களைப் பெயராக்கியவர்

ரூங்கேயின் வாழ்க்கைக்குத் திரும்புவோம். 1822-ல் பெர்லினில் அவர் இன்னொரு முனைவர் பட்டம் பெற்றார். இந்த முறை ஆய்வு, அவுரிச் செடியிலிருந்து கிடைக்கும் நீலச் சாயத்தைப் பற்றி. பின்னர் பிரெஸ்லாவ் நகரில் பேராசிரியர் ஆனார். இன்று அந்த நகரம் போலந்தில் இருக்கிறது. ஆனால் வகுப்பறை அவரைக் கட்டிப்போடவில்லை. 1830-களின் தொடக்கத்தில் பெர்லினுக்கு வடக்கே உள்ள ஒரானியன்பூர்க் என்ற ஊரில், ஒரு வேதிப்பொருள் தொழிற்சாலைக்கு வேலைக்குப் போனார்.

அந்தக் காலத்தில் நிலக்கரியிலிருந்து தெருவிளக்குக்கு வாயு எடுப்பார்கள். மிஞ்சுவது கறுப்பாக, பிசுபிசுவென்று, நாற்றமடிக்கும் தார். அதை வைத்து என்ன செய்வது என்றே தெரியாத காலம். ரூங்கே அந்தக் கழிவைக் கையில் எடுத்தார்.

1834-ல் அவர் வெளியிட்ட முடிவுகளைப் பார்த்தால் மலைப்பாக இருக்கும். தாரிலிருந்து ஒன்றல்ல, பல புதிய பொருள்கள். அவற்றுக்கு அவர் பெயர் வைத்த விதமும் அழகு. ஒன்று சலவைத் தூளோடு சேர்ந்தால் நீலமாகும். அதற்குக் கியனோல். கிரேக்கத்தில் கியனோஸ் என்றால் நீலம். இன்னொன்று, அமிலத்தில் நனைத்த மரச்சிம்பைச் சிவப்பாக்கும். அதற்குப் பிர்ரோல். நெருப்புச் சிவப்பு என்று பொருள். மற்றொன்று நிறமே தராது. அதற்கு லியூகோல். லியூகோஸ் என்றால் வெள்ளை. நான்காவது ஓர் அமிலம். கரி, எண்ணெய் என்னும் லத்தீன் சொற்களைச் சேர்த்துக் கார்பாலிக் அமிலம் என்றார்.

இந்தப் பெயர்களுக்கு என்ன ஆனது என்பதுதான் கதையின் சுவாரசியமான பகுதி.

கியனோல் நிலைக்கவில்லை. அதே பொருளை வேறு மூன்று பேர் வேறு மூன்று வழிகளில் எடுத்து, வேறு மூன்று பெயர் வைத்திருந்தார்கள். 1843-ல் ஹோஃப்மன் என்ற இளம் வேதியியலாளர் நாலும் ஒன்றே என்று நிரூபித்தார். வென்ற பெயர் அனிலின். அவுரிச் சாயத்துக்குப் போர்ச்சுகீசிய மொழியில் அனில். அது அரபு வழியாக, நீலம் என்ற இந்தியச் சொல்லிலிருந்து போனது. ரூங்கேயின் இரண்டாவது பட்டமே அவுரி நீலத்தைப் பற்றித்தானே? எந்தச் சாயத்தை ஆராய்ந்து பட்டம் வாங்கினாரோ, அதே சாயத்தின் பெயர் அவர் தாரிலிருந்து எடுத்த பொருளுக்கு வந்து சேர்ந்தது. ஆனால் அதை வைத்தவர் அவர் இல்லை.

கார்பாலிக் அமிலத்துக்கு வேதியியல் பாடத்தில் இப்போது ஃபீனால் என்று பெயர். ஆனாலும் பழைய பெயர் சாகவில்லை. தாத்தா பாட்டியிடம் கேட்டுப் பாருங்கள், கார்பாலிக் சோப்பு என்றால் உடனே அந்தச் சிவப்புக் கட்டியும் மணமும் நினைவுக்கு வரும். பிர்ரோல் மட்டும் ரூங்கே வைத்தபடியே பாடப்புத்தகத்தில் இன்றும் இருக்கிறது. இலையைப் பச்சையாக்கும் குளோரோஃபில்லிலும், ரத்தத்தைச் சிவப்பாக்கும் ஹீமோகுளோபினிலும் பிர்ரோல் வளையங்கள் உண்டு.

கிடைத்ததும் கைவிட்டுப்போனதும்

தாரிலிருந்து சாயம் செய்யலாம் என்று ரூங்கே சொன்னார். தொழிற்சாலை நிர்வாகம் காது கொடுக்கவில்லை. நாற்றமடிக்கும் கழிவில் யார் பணம் போடுவார்கள்?

விடை 1856-ல் பிரிட்டனிலிருந்து வந்தது. பெர்கின் என்ற 18 வயது மாணவர், மலேரியா மருந்தான குவினைனைச் செயற்கையாகச் செய்யப் பார்த்துத் தோற்றார். கையில் மிஞ்சியது ஊதா நிறச் சாயம். அவர் பயன்படுத்திய மூலப்பொருள் அனிலின். அதாவது ரூங்கேயின் கியனோல். அந்தச் சாயத்திலிருந்து ஒரு மாபெரும் தொழில்துறையே பிறந்தது. ஜெர்மனியின் வேதிப்பொருள் நிறுவனங்கள் பல அதில் வளர்ந்தவை.

1865-ல் ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவில் லிஸ்டர் என்ற அறுவை மருத்துவர், கார்பாலிக் அமிலத்தில் நனைத்த கட்டுகளைக் காயத்தில் வைத்துப் பார்த்தார். காயம் சீழ் பிடிக்கவில்லை. கிருமிகளைக் கொன்றுவிட்டு அறுவை செய்யும் முறை அப்படித்தான் பரவியது.

ரூங்கே அப்போதும் ஒரானியன்பூர்க்கில்தான் இருந்தார். 1852-லேயே தொழிற்சாலை வேலை போய்விட்டது. சிறு ஓய்வூதியத்தில் காலம் ஓடியது. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஆனால் சும்மாவும் உட்காரவில்லை. உறிஞ்சுதாளில் வேதிப்பொருள் சொட்டுகளை விட்டு, அவை பரவி உண்டாக்கும் வண்ண வளையங்களைத் தொகுத்து நூலாக வெளியிட்டார். பள்ளியில் வடிதாளில் மை சொட்டி நிறங்களைப் பிரிப்பீர்களே, அந்தச் சோதனைக்கு முன்னோடி இது. சமையல், கறை நீக்குவது என்று வீட்டு விஷயங்களுக்கு வேதியியலைப் பயன்படுத்துவது பற்றியும் கடித வடிவில் ஒரு நூல் எழுதினார்.

1867 மார்ச் 25 அன்று, 73 வயதில் அவர் இறந்தார். பெரிய சொத்து எதுவும் இல்லை. பின்னாளில் உலகம் அவரைக் கொஞ்சம் நினைத்துப் பார்த்தது. 2019-ல் அவருடைய 225-வது பிறந்தநாளுக்குக் கூகுள் தன் முகப்புப் படத்தை அவருக்குக் கொடுத்தது.

சரி, 1,3,7 எங்கிருந்து வந்தது?

ரூங்கே இறக்கும்போது கஃபீனில் என்னென்ன அணுக்கள் எத்தனை இருக்கின்றன என்பது தெரியும். கார்பன் 8, ஹைட்ரஜன் 10, நைட்ரஜன் 4, ஆக்ஸிஜன் 2. ஆனால் அவை எப்படிக் கோக்கப்பட்டிருக்கின்றன என்பதற்குத் தெளிவான விடை இல்லை. 1895-ல் ஜெர்மனியின் எமில் ஃபிஷர் கஃபீனை ஆய்வுக்கூடத்திலேயே செய்துகாட்டினார். அதன் கட்டமைப்பும் உறுதியானது. இந்த வகைப் பொருள்களையும் சர்க்கரைகளையும் பற்றிய ஆய்வுக்காக 1902-ல் அவருக்கு நோபெல் பரிசு கிடைத்தது.

கட்டமைப்பு தெரிந்த பிறகு, எங்கே கிடைத்தது என்று சொல்லும் பெயரோடு, எப்படி இருக்கிறது என்று சொல்லும் பெயரும் சாத்தியமானது. அதுதான் 1,3,7-டிரைமெத்தில்ஸாந்தின். பயப்பட வேண்டாம், கடைசியிலிருந்து படித்தால் எளிது.

ஸாந்தின் என்பது அடிப்படை எலும்புக்கூடு. ஒட்டிக்கொண்டிருக்கும் இரண்டு வளையங்கள். இந்தப் பெயரும் நிறத்திலிருந்துதான் வந்தது. 1817-ல் சிறுநீர்ப்பைக் கல் ஒன்றில் இதைக் கண்டெடுத்தார்கள். நைட்ரிக் அமிலத்தோடு சேர்ந்தால் மஞ்சளாகும். கிரேக்கத்தில் ஸாந்தோஸ் என்றால் மஞ்சள்.

மெத்தில் என்பது ஒரு கார்பனும் மூன்று ஹைட்ரஜனும் சேர்ந்த சின்னக் குழு. டிரை என்றால் மூன்று.

1, 3, 7 என்பவை அந்த மூன்று குழுக்களும் உட்கார்ந்திருக்கும் இடங்களின் எண்கள். ஸாந்தினை ஓர் அடுக்குமாடிக் கட்டடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். மெத்தில் குழுக்கள் குடியிருப்பாளர்கள். 1, 3, 7 ஆகியவை வீட்டு எண்கள். அவ்வளவுதான் விஷயம்!

இந்த எண்கள் வெறும் அலங்காரமல்ல. ஒரு வீடு காலியானால் ஆளே மாறிவிடுவார். 3, 7-ல் மட்டும் மெத்தில் இருந்தால் அது தியோபுரோமின், சாக்லேட்டின் கசப்பில் பங்கு உள்ள பொருள். 1, 3-ல் மட்டும் இருந்தால் தியோஃபிலின், ஆஸ்துமாவுக்கு மருந்தாகப் பயன்பட்டது. 1, 7-ல் மட்டும் இருந்தால் பாராஸாந்தின். நீங்கள் குடித்த காப்பியின் கஃபீனில் பெரும்பகுதியை உங்கள் கல்லீரல் மாற்றுவது இந்தப் பாராஸாந்தினாகத்தான். 3-ஆம் எண் வீட்டுக்காரரை மட்டும் வெளியே அனுப்பிவிடுகிறது.

இன்னும் முறையான பெயர் ஒன்றும் உண்டு. 1,3,7-டிரைமெத்தில்பியூரின்-2,6-டையோன். இதில் கட்டடத்தின் பெயர் பியூரின். டையோன் என்பது 2, 6 ஆகிய இடங்களில் இரண்டு ஆக்ஸிஜன் இருப்பதைச் சொல்கிறது. பியூரின் என்ற சொல்லில் ஒரு துப்பு இருக்கிறது. நம் மூளையில் களைப்பைத் தெரிவிக்கும் அடினோசின் என்ற பொருளும் பியூரின் எலும்புக்கூட்டைக் கொண்டதுதான். உருவ ஒற்றுமையால், அடினோசின் உட்கார வேண்டிய இடத்தில் கஃபீன் போய் உட்கார்ந்துகொள்கிறது. களைப்புச் செய்தி போய்ச் சேர்வதில்லை. தூக்கம் வராததற்கு முக்கியக் காரணம் இதுதான். காப்பி என்ற பெயர் சொல்லாத இந்த ரகசியத்தைப் பியூரின் என்ற பெயர் சொல்லிவிடுகிறது.

பெயர் ஏமாற்றவும் செய்யும்

தியோபுரோமின் என்று கேட்டதும் அதில் புரோமின் இருக்கும் என்று தோன்றும். ஒரு துளிகூடக் கிடையாது. கொக்கோ மரத்துக்குத் தாவரவியலாளர் லின்னேயஸ் வைத்த பெயர் தியோபுரோமா, அதாவது தெய்வங்களின் உணவு. அதிலிருந்து வந்த பெயர் இது. புரோமின் என்ற தனிமத்தின் பெயர் நாற்றம் என்ற பொருளுள்ள வேறொரு கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. ஒலி ஒன்று, பொருள் தலைகீழ்.

தெயின் என்ற பெயர் தேயிலையின் பழைய அறிவியல் பெயரான தேயாவை நினைவூட்டும். ஆனால் செடி இப்போது கமேலியா சினென்சிஸ். செடியின் பெயரே மாறிவிட்டது, பழைய ஒலி மட்டும் பேச்சில் தங்கியிருக்கிறது.

உங்களுக்கு இது எப்போது உதவும்?

பேசும்போது, எழுதும்போது கஃபீன் என்றாலே போதும். விஞ்ஞானிகளும் அப்படித்தான் சொல்கிறார்கள். நீண்ட பெயர், கட்டமைப்பைத் துல்லியமாகச் சொல்ல வேண்டிய இடத்துக்கு. வேதிப்பொருள் பட்டியல்களில் மொழி எதுவானாலும் குழப்பம் வராமல் இருக்க 58-08-2 என்ற பதிவு எண்ணும் உண்டு.

ஆனால் பொட்டலத்தைப் படிக்கும்போது எல்லாப் பெயரும் தெரிந்திருப்பது நல்லது. குவாரானா, தெயின், யெர்பா மாத்தே, பச்சைத் தேயிலைச் சாறு, டிரைமெத்தில்ஸாந்தின் என்று எது இருந்தாலும் கஃபீன் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள். ஒரே பொடியில் இவற்றில் மூன்று இருந்தால், மூன்று விதச் சக்தி அல்ல, ஒரே பொருள் மூன்று முறை.

ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2015-ல் சொன்ன கணக்கு இது. ஆரோக்கியமான பெரியவர்களுக்கு ஒரு நாளில் 400 மில்லிகிராம் வரை கவலையில்லை. கர்ப்பிணிகளுக்கு 200. பிள்ளைகளுக்கும் பதின்ம வயதினருக்கும் உடல் எடையில் ஒரு கிலோவுக்கு 3 மில்லிகிராம். 50 கிலோ எடையுள்ள மாணவர் என்றால் 150 மில்லிகிராம். 250 மில்லிலிட்டர் எனர்ஜி டிரிங்கில் ஏறத்தாழ 80 மில்லிகிராம் இருக்கலாம். இரண்டு டின் குடித்தாலே கணக்கு தாண்டிவிடும்.

நம்ம கோப்பியையும் மறந்துவிடாதீர்கள். காப்பிக்கடைகளில் பெரும்பாலும் பயன்படும் ரோபஸ்டா கொட்டையில், அராபிக்காவைப்போல் ஏறத்தாழ இருமடங்கு கஃபீன் உண்டு.

ரூங்கேயின் கையில் இருந்தது கதே கொடுத்த கொட்டைகளும் நிறைய பொறுமையும்தான். காப்பியிலிருந்து வந்த காரம் என்பதற்குமேல் அந்தப் படிகங்களைப் பற்றிச் சொல்ல அவரால் முடியவில்லை. அவருக்குப் பின் வந்தவர்கள் ஒவ்வொருவராகத் தெரிந்துகொண்டதைச் சேர்க்கச் சேர்க்கப் பெயரும் நீண்டது. அடுத்த முறை பின்பக்கத்தில் வாயில் நுழையாத ஒரு பெயரைப் பார்த்தால், கடைசியிலிருந்து பிரித்துப் படித்துப் பாருங்கள். நீங்கள் ஏற்கெனவே குடித்துக்கொண்டிருக்கும் பொருளாகவே அது இருக்கலாம்.